எலினோர் ரூஸ்வெல்ட்: திருகோணமலையில் எங்களிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டிசம்பர் 10 நெருங்கும்போதெல்லாம் திருகோணமலையில் நாங்கள் சில பேர் நடத்தும் வாசிப்பு வட்டத்தில் மனித உரிமைகளுக்கான உலகப் பிரகடனத்தைச் சேர்ந்து வாசிப்போம். உயர்தரம் படிக்கும் பிள்ளைகள் வருவார்கள், ஓய்வுபெற்ற ஆசிரியர்கள் வருவார்கள், காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளையையோ கணவரையோ தேடும் அம்மாமாரும் வருவார்கள். வாசித்து முடித்ததும் பாதிக் கேள்விகள் ஒரு பெண்ணைப் பற்றித்தான் இருக்கும்: பிரகடனத்தைக் கையில் பிடித்துக்கொண்டு பழைய படங்களில் நிற்கிறாரே, அந்த அமெரிக்க அம்மா. அந்தக் கேள்விகளையும் நாங்கள் சொல்லிவரும் பதில்களையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

எலினோர் ரூஸ்வெல்ட் யார்?

1884 அக்டோபர் 11 அன்று நியூயோர்க்கில் பிறந்தவர். 1933 முதல் 1945 வரை அமெரிக்க ஜனாதிபதியாக இருந்த ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டின் மனைவி. கணவர் இறந்த பிறகு ஐக்கிய நாடுகள் சபையின் மனித உரிமை ஆணைக்குழுவுக்குத் தலைமை தாங்கி, 1948 டிசம்பர் 10 அன்று உலகப் பிரகடனம் நிறைவேறும் வரை அந்த வேலையை இழுத்துக்கொண்டு போனவர். 1962 நவம்பர் 7 அன்று காலமானார்.

பெரிய குடும்பத்துப் பிள்ளை, ஜனாதிபதியின் மனைவி. எல்லாம் தானாகக் கிடைத்ததுதானே?

இதை ஒவ்வொரு வருடமும் யாராவது கேட்பார்கள், கேட்க வேண்டிய கேள்விதான். காசும் பெயரும் இருந்தது உண்மை. அப்பாவின் அண்ணன் தியோடர் ரூஸ்வெல்ட் அப்போதே ஜனாதிபதி, 1905இல் எலினோருக்குக் கல்யாணம் நடந்தபோது தாரைவார்த்துக் கொடுத்தவரே அவர்தான். அதே நேரம் எட்டு வயதில் தாயை இழந்தவர், பத்து வயது ஆவதற்குள் தகப்பனையும் குடி கொண்டுபோய்விட்டது. பாட்டி வீட்டில் வளர்ந்தார். பதினைந்து வயதில் லண்டனுக்குப் பக்கத்தில் மாரி சுவெஸ்த்ர் என்ற பிரெஞ்சு ஆசிரியை நடத்திய பள்ளிக்குப் போன பிறகுதான் அந்தப் பிள்ளைக்கு வாய் திறந்தது. நீ என்ன நினைக்கிறாய் என்று கேட்டு, புத்தகத்தில் உள்ளதைத் திருப்பிச் சொன்னால் ஏற்றுக்கொள்ளாத ஆசிரியை அவர்.

கல்யாணத்துக்குப் பிறகு ஆறு பிள்ளைகள், அதில் ஒன்று கைக்குழந்தையாகவே இறந்துபோனது. 1918இல் கணவரின் பெட்டியில் வேறொரு பெண்ணின் கடிதங்கள் கிடைத்தன. கணவர் மனைவியாக வாழ்ந்த வாழ்க்கை அதோடு ஏறக்குறைய முடிந்தது; பிரியவில்லை, ஆனால் அதன் பிறகு இருவரும் ஒரே வேலையில் இருக்கும் இரண்டு பேரைப் போலத்தான் வாழ்ந்தார்கள். 1921இல் ஃபிராங்க்ளினுக்கு போலியோ வந்து இரண்டு கால்களும் செயலிழந்தன. தாயார் மகனை வீட்டோடு வைத்துக்கொள்ளப் பார்த்தார். எலினோர் அதற்கு விடவில்லை. கணவரின் பெயர் அரசியலில் மறந்துபோகக் கூடாது என்று கட்சிக் கூட்டங்களுக்குத் தானே போகத் தொடங்கினார், மேடையில் குரல் நடுங்கியபடியே பேசப் பழகினார். கணவருக்காகத் தொடங்கிய வேலைதான், அதில் தனக்கென்று ஒரு வேலை இருப்பதைக் கண்டுகொண்டார் என்பதுதான் என் வாசிப்பு.

ஜனாதிபதியின் மனைவியாக என்ன செய்தார்? திறப்பு விழாக்களா?

திறப்பு விழாக்களும்தான். ஆனால் எனக்கு அதிகம் பிடித்தது அதற்கு முன்னால், ஃபிராங்க்ளின் நியூயோர்க் ஆளுநராக இருந்த காலத்துக் கதை. அரசாங்க மருத்துவமனைகளையும் விடுதிகளையும் சிறைகளையும் பார்வையிட ஆளுநரால் நடந்துபோக முடியாது, மனைவியை உள்ளே அனுப்புவார். முதலில் இவர் திரும்பி வந்து, இன்றைய சாப்பாட்டுப் பட்டியலில் இன்ன இன்ன இருந்தது என்று சொல்வார். பட்டியலைப் பார்த்தாயா, பானையைத் திறந்து பார்த்தாயா என்று கணவர் கேட்பார். அடுத்த முறை போகும்போது பானை மூடியைத் தூக்கிப் பார்த்தார். கட்டில்கள் எவ்வளவு நெருக்கமாகக் கிடக்கின்றன, பகலில் மடித்து ஒளித்து வைக்கிறார்களா, வேலையாட்கள் அங்கிருப்பவர்களோடு எப்படி நடந்துகொள்கிறார்கள் என்றெல்லாம் பார்க்கக் கற்றுக்கொண்டார்.

2006இல் சம்பூரிலிருந்து இடம்பெயர்ந்து கிளிவெட்டி முகாமில் வருடக்கணக்காக இருந்தவர்கள் எங்கள் வட்டத்தில் உண்டு. இந்தப் பானைக் கதையை அவர்களுக்கு விளக்கத் தேவையில்லை. பார்வையிட வந்தவர்களில் யார் பட்டியலைப் பார்த்தார்கள், யார் பானையைப் பார்த்தார்கள் என்று அவர்களே சொல்வார்கள்.

வெள்ளை மாளிகைக்குப் போய் இரண்டே நாளில், 1933 மார்ச் 6 அன்று, பெண் செய்தியாளர்களுக்கு மட்டும் என்று செய்தியாளர் சந்திப்பைத் தொடங்கினார். அதனால் பத்திரிகைகள் குறைந்தது ஒரு பெண் செய்தியாளரையாவது வேலையில் வைத்திருக்க வேண்டி வந்தது. முதல் வருடம் மட்டும் சுமார் 3 இலட்சம் கடிதங்கள் வந்தன, பொருளாதார மந்தத்தில் நொடிந்துபோன குடும்பங்களிடமிருந்து. 1935 டிசம்பர் கடைசியில் தொடங்கிய பத்தி ஒன்றைப் பெரும்பாலான வருடங்கள் வாரத்துக்கு ஆறு நாள் என்று எழுதி, 1962 வரை கொண்டுபோனார்.

கறுப்பின மக்களுக்காகக் குரல் கொடுத்தார் என்கிறார்களே, எப்படி?

1938 நவம்பரில் அலபாமா மாநிலத்து பேர்மிங்ஹாமில் ஒரு மாநாடு. நகரத்துச் சட்டப்படி வெள்ளையர் ஒரு பக்கம், கறுப்பர் மறுபக்கம் உட்கார வேண்டும், பொலிஸ் நின்று பார்த்துக்கொண்டிருந்தது. எலினோர் கறுப்பர்கள் பக்கம் போய் உட்கார்ந்தார். எழும்பச் சொன்னார்கள். எழும்பினார், கதிரையை எடுத்து இரண்டு பக்கத்துக்கும் நடுவில் உள்ள நடைபாதையில் போட்டு அங்கேயே உட்கார்ந்தார். ஜனாதிபதியின் மனைவியைக் கைதுசெய்ய யாருக்கும் துணிவு வரவில்லை.

அடுத்த வருடம் மரியன் அண்டர்சன் என்ற பெரும் பாடகி வாஷிங்டனில் பாட மண்டபம் கேட்டபோது, அவர் கறுப்பினத்தவர் என்பதால் அதைச் சொந்தமாக வைத்திருந்த பெண்கள் சங்கம் மறுத்தது. எலினோர் அந்தச் சங்கத்தின் உறுப்பினர். விலகினார், விலகியதைத் தன் பத்தியிலும் எழுதினார். 1939 ஏப்ரல் 9 அன்று லிங்கன் நினைவிடத்தின் படிகளில் அண்டர்சன் பாட, சுமார் 75,000 பேர் திரண்டு நின்று கேட்டார்கள்.

கணவர் இவர் சொன்னதைக் கேட்டாரா?

சிலவற்றில் கேட்டார். முக்கியமான ஒன்றில் கேட்கவில்லை. கறுப்பர்களைக் கும்பலாகச் சேர்ந்து அடித்துக் கொல்வதற்கு எதிரான சட்டமூலம் 1934இல் வந்தபோது, கறுப்பின மக்களின் பெரிய அமைப்பின் செயலாளர் வோல்டர் வைட்டை ஜனாதிபதியிடம் கூட்டிக்கொண்டு போனவரே எலினோர்தான். தென் மாநில செனட்டர்கள் தன் மற்றத் திட்டங்களையெல்லாம் முடக்கிவிடுவார்கள் என்று ஃபிராங்க்ளின் ஒதுங்கிக்கொண்டார். சட்டம் நிறைவேறவில்லை.

1942இல் ஜப்பானிய வம்சாவளி மக்கள் ஒரு இலட்சத்துக்கும் அதிகமானவர்களை வீடுவாசலிலிருந்து கிளப்பி முகாம்களில் அடைக்க ஃபிராங்க்ளின் கையெழுத்துப் போட்டார். எலினோர் உள்ளுக்குள் எதிர்த்தார், வெளியில் அரசாங்கத்தின் பக்கம் நின்றார். அடுத்த வருடம் அரிசோனாவில் இருந்த முகாம் ஒன்றுக்குப் போய்ப் பார்த்தார், இவர்களை எவ்வளவு சீக்கிரம் வெளியில் விட முடியுமோ விட வேண்டும் என்று வாதாடினார். ஆனாலும் அவர் வெளிப்படையாகச் சொல்ல வேண்டிய நேரத்தில் சொல்லவில்லை. பெயரை வைத்தும் இனத்தை வைத்தும் மொத்தமாக ஆட்களை அள்ளிக்கொண்டு போவதை அனுபவித்த ஊர் எங்களுடையது, இந்த இடத்தை மெல்லக் கடந்து போக என்னால் முடியாது. பதவியில் இருப்பவரின் மனைவி என்ற கதிரை எவ்வளவு தூரம் போகும், எங்கே நின்றுவிடும் என்பதற்கு இது சரியான உதாரணம்.

ஐ.நாவுக்கு எப்படிப் போனார்?

1945 ஏப்ரல் 12 அன்று ஃபிராங்க்ளின் இறந்தார். அந்த வருடக் கடைசியில் புதிய ஜனாதிபதி ட்ரூமன், ஐ.நா பொதுச்சபையின் முதல் கூட்டத்துக்குப் போகும் அமெரிக்கக் குழுவில் இவரையும் சேர்த்தார். குழுவில் இருந்த ஆண்களுக்கு அது அவ்வளவு பிடிக்கவில்லை. மூன்றாவது குழு என்ற சமூக, மனிதாபிமான விடயங்களுக்கான குழுவில் இவரைப் போட்டார்கள், அங்கே பெரிதாக ஒன்றும் நடக்காது என்ற நினைப்பில்.

நடந்தது. போர் முடிந்து ஐரோப்பிய முகாம்களில் இலட்சக்கணக்கான அகதிகள் இருந்தார்கள். அவர்களைச் சொந்த நாட்டுக்குத் திருப்பி அனுப்பியே தீர வேண்டும் என்று சோவியத் தரப்பு நின்றது. போக விரும்பாதவரைப் பலவந்தமாக அனுப்பக் கூடாது என்று எலினோர், சோவியத்தின் பெரிய வாதாடியான விஷின்ஸ்கியை எதிர்த்துப் பேசினார். வாக்கெடுப்பில் எலினோரின் பக்கம் வென்றது.

1990இல் போர் திரும்பவும் தொடங்கியபோது திருகோணமலையிலிருந்து மன்னார் வரை போய், படகேறி, தமிழ்நாட்டின் மண்டபம் அகதி முகாமில் இறங்கியவர்கள் எத்தனையோ பேர். அகதிகள் பற்றிய 1951ஆம் ஆண்டுச் சமவாயத்தில் இந்தியாவும் கையெழுத்திடவில்லை, இலங்கையும் கையெழுத்திடவில்லை. அப்படியிருந்தும் விருப்பமில்லாதவரைத் திருப்பி அனுப்பாதே என்று சொல்ல ஒரு வாதம் கையில் இருந்தது என்றால், அதற்கான முதல் சண்டைகளில் ஒன்று 1946இல் லண்டனில் நடந்தது.

பிரகடனத்தை எழுதியவர் அவரா?

இல்லை, அவரே அப்படிச் சொல்லிக்கொள்ளவும் இல்லை. முதல் வரைவை எழுதியவர் கனடாக்காரரான ஜோன் ஹம்ப்ரி. அதை ஒழுங்குபடுத்தி இரண்டாவது வரைவாக்கியவர் பிரான்சின் ரெனே கசான். சீனாவின் பி.சி. சாங், லெபனானின் சார்ல்ஸ் மாலிக் இருவரும் தத்துவப் பக்கத்தைத் தூக்கிப் பிடித்தவர்கள். இந்தியாவின் ஹன்சா மேத்தாவை எங்கள் பிள்ளைகளுக்கு நான் தவறாமல் சொல்வேன்: முதலாவது உறுப்புரையில் ஆண்கள் எல்லோரும் என்று பொருள்படும்படி இருந்ததை மனிதர் எல்லோரும் என்று மாற்ற வைத்தவர் அவர்தான். எலினோர் பழைய சொல்லிலேயே எல்லோரும் அடங்குவார்கள் என்று முதலில் நினைத்தவர்.

எலினோரின் வேலை இவர்களை ஒரு மேசையில் இருத்தி வைத்திருந்தது. 1947 பெப்ரவரியில் தன் நியூயோர்க் வீட்டுக்குச் சாங்கையும் மாலிக்கையும் ஹம்ப்ரியையும் தேநீருக்கு அழைத்தார். தேநீர் ஆறும் அளவுக்கு வாதம். சாங் ஹம்ப்ரியிடம், நீர் ஐ.நா வேலையை ஒரு பக்கம் வைத்துவிட்டுச் சில மாதம் கொன்பியூசியஸைப் படித்துவிட்டு வாரும் என்றார். மேற்கின் சிந்தனையை மட்டும் வைத்து உலகத்துக்கு எழுதாதே என்பதுதான் அதன் பொருள். மாலிக் கிறிஸ்தவத் தத்துவஞானி தோமஸ் அக்குவினாஸைக் கொண்டு பதில் சொன்னார். எலினோர், வாதம் தன் தலைக்கு மேல் போய்விட்டதால் சாய்ந்து உட்கார்ந்து ரசித்துக் கேட்டுக்கொண்டிருந்ததாகப் பிறகு எழுதினார்.

1948 இலையுதிர் காலத்தில் பாரிசில் மூன்றாவது குழு 80க்கும் மேற்பட்ட தடவை கூடி ஒவ்வொரு சொல்லாகப் பார்த்தது. எலினோர் தலைமை தாங்கிய கூட்டங்களில் வேலை இரவு வரை நீளும். ஒரு பிரதிநிதி, மனித உரிமை பேசுகிறோம், எங்களுடைய மனித உரிமை என்னவாகிறது என்று கேட்டாராம். பேச்சைச் சுருக்கினால் கூட்டமும் சுருங்கும் என்பது எலினோரின் பதில். கடைசியில் 48 நாடுகள் ஆதரவு, எதிர்ப்பு ஒன்றும் இல்லை, 8 நாடுகள் வாக்களிக்காமல் ஒதுங்கின. ஒதுங்கியவை ஆறு கம்யூனிச நாடுகள், சவூதி அரேபியா, அப்புறம் நிறவெறி ஆட்சியைத் தொடங்கியிருந்த தென்னாபிரிக்கா.

இலங்கை எப்படி வாக்களித்தது?

வாக்களிக்கவில்லை. சுதந்திரம் கிடைத்தது 1948 பெப்ரவரி 4. ஆனால் சோவியத் வீட்டோவால் ஐ.நா உறுப்புரிமை 1955 டிசம்பர் 14 வரை தள்ளிப்போனது.

இங்கே ஒரு திகதியைக் கவனிக்கச் சொல்வேன். இலங்கையின் 1948ஆம் ஆண்டு 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் நடைமுறைக்கு வந்தது நவம்பர் 15. மலையகத் தமிழர் ஏறத்தாழ 7 இலட்சம் பேர் ஒரு நாட்டுக்கும் சொந்தமில்லாதவர்கள் ஆனார்கள். அதே மாதத்தில் பாரிசில் இருந்து 15ஆவது உறுப்புரையை, ஒவ்வொருவருக்கும் ஒரு நாட்டின் குடியாக இருக்கும் உரிமை உண்டு, அதை யாரும் தான்தோன்றித்தனமாகப் பறிக்கக் கூடாது என்பதை, சொல் சொல்லாகத் திருத்திக்கொண்டிருந்தார்கள். 1977 வன்செயலுக்குப் பிறகு மலையகத்திலிருந்து வந்து திருகோணமலை மாவட்டத்தில் குடியேறிய குடும்பங்களின் பேரப்பிள்ளைகள் எங்கள் வட்டத்தில் இருக்கிறார்கள். 15ஆவது உறுப்புரையை வாசிக்கும் முறை வரும்போது அவர்களில் ஒருவரைத்தான் வாசிக்கச் சொல்வேன்.

பிரகடனத்தில் சிறுபான்மையினர் பற்றி ஏன் ஒரு உறுப்புரையும் இல்லை?

எங்கள் ஊரில் இதைவிட முக்கியமான கேள்வி இல்லை, இதற்குக் கொஞ்சம் நீளமாகவே பதில் சொல்ல வேண்டும்.

ஹம்ப்ரியின் முதல் வரைவில் இருந்தது. ஒரு நாட்டில் சிறுபான்மையாக இருக்கும் இனம், மொழி, மதக் குழுக்கள் தங்கள் பள்ளிகளையும் பண்பாட்டு நிறுவனங்களையும் நடத்தலாம், தங்கள் மொழியைப் பயன்படுத்தலாம் என்ற கருத்தில் ஒரு உறுப்புரை. சோவியத் அணியும் யூகோஸ்லாவியாவும் டென்மார்க்கும் இப்படி ஒன்று வேண்டும் என்றன. அமெரிக்கா வேண்டாம் என்றது, இலத்தீன் அமெரிக்க நாடுகள் பலவும் வேண்டாம் என்றன. அமெரிக்காவுக்காகப் பேசியவர் எலினோர். தனிமனிதர் ஒவ்வொருவரின் உரிமையும் காப்பாற்றப்பட்டால் சிறுபான்மையினரின் பிரச்சினை தானாகத் தீரும், அது உலகம் முழுவதற்கும் பொதுவான பிரச்சினை இல்லை என்பது அவர் வாதம். குடியேறி வந்தவர்களெல்லாம் ஒரே மக்களாகக் கரைந்துவிட வேண்டும் என்று நினைத்த நாடுகளின் வாதம் அது. உறுப்புரை விழுந்தது. அதற்குப் பதிலாக, பிரகடனம் நிறைவேறிய அதே நாளில், சிறுபான்மையினரின் நிலையை மறக்க முடியாது, ஆனால் ஒவ்வொரு நாட்டிலும் நிலைமை வெவ்வேறு என்பதால் இதைப் பிறகு ஆராயலாம் என்று தனியாக ஒரு தீர்மானம் போட்டார்கள்.

அந்தப் பிறகு வர 18 வருடம் எடுத்தது. 1966ஆம் ஆண்டு குடியியல், அரசியல் உரிமைகள் பற்றிய சர்வதேச உடன்படிக்கையின் 27ஆவது உறுப்புரைதான் சிறுபான்மையினருக்குத் தங்கள் பண்பாட்டை வாழவும் மதத்தைப் பின்பற்றவும் மொழியைப் பயன்படுத்தவும் உள்ள உரிமையை மறுக்கக் கூடாது என்று சொன்னது. இடையில் 1956இல் எங்கள் நாட்டில் சிங்களம் மட்டும் சட்டம் வந்து, செய்ய வேண்டிய சேதத்தைச் செய்துவிட்டது.

தனிமனித உரிமை போதும் என்ற வாதம் பிழையென்று இந்த ஊர் முகத்தில் அடித்தாற்போலக் காட்டுகிறது. ஒரு தமிழர் பொலிஸ் நிலையத்தில் தன் வாக்குமூலத்தைத் தனக்குத் தெரியாத மொழியில் எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள் என்று முறையிடும்போது, அவருக்கு மட்டும் நடந்த தனிமனிதப் பிரச்சினையா அது? அவர் பேசும் மொழியால் வந்த பிரச்சினை. எலினோர் இதில் பிழையான பக்கத்தில் நின்றார். அவரை எவ்வளவு மதித்தாலும் இதைச் சொல்லாமல் அவருடைய கதையைச் சொல்லக் கூடாது என்று நினைக்கிறேன்.

ஏன் அப்படி நின்றார்?

அரசாங்கத்தின் பிரதிநிதியாக உட்கார்ந்திருந்தார் என்பதுதான் பெரும்பகுதி பதில். 1947 அக்டோபரில் அமெரிக்கக் கறுப்பின மக்கள் சார்பில், வோல்டர் வைட் செயலாளராக இருந்த அதே அமைப்பு, கறுப்பின அறிஞர் டபிள்யூ.ஈ.பி. டு பொய்ஸ் தலைமையில் தயாரித்த மனு ஒன்று ஐ.நாவிடம் கொடுக்கப்பட்டது: உங்கள் உறுப்பு நாடொன்றில் எங்களுக்கு நடப்பதைப் பாருங்கள் என்று. அந்த அமைப்பின் இயக்குநர் சபையில் எலினோரும் ஒருவர். அப்படியிருந்தும் மனுவை ஐ.நாவில் விவாதத்துக்கு எடுக்க அவர் துணை நிற்கவில்லை. சோவியத் அதை அமெரிக்காவுக்கு எதிரான ஆயுதமாகப் பிடித்துக்கொள்ளும் என்பது வாஷிங்டனின் பயம். சோவியத் பிடித்துக்கொள்ளவும் செய்தது. ஆனால் மனுவில் இருந்தது உண்மை.

ஒவ்வொரு மார்ச் மாதமும் ஐ.நா மனித உரிமைப் பேரவையின் கூட்டத்துக்கு ஜெனீவாவுக்குப் போகிறவர்களை, உள்நாட்டுப் பிரச்சினையை வெளியில் கொண்டுபோகிறார்கள் என்று திட்டுவதை நாங்கள் கேட்டுப் பழகியவர்கள். டு பொய்ஸுக்கும் அதைத்தான் சொன்னார்கள்.

சட்டப்படி இந்தப் பிரகடனத்தால் எங்களுக்கு என்ன பயன்?

நேரடியாக வழக்குப் போட முடியாது, அது உடன்படிக்கை இல்லை. அதிலிருந்து பிறந்த குடியியல், அரசியல் உரிமைகள் உடன்படிக்கையை இலங்கை 1980இல் ஏற்றது. 1997இல் தனிநபர்கள் ஐ.நா மனித உரிமைக் குழுவிடம் முறையிடும் வழியையும் ஏற்றது. ஆனால் 2006இல் சிங்கராசா வழக்கில் உயர் நீதிமன்றம் அந்த இரண்டாவது ஏற்பு அரசியலமைப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது. அந்த உடன்படிக்கையின் ஆங்கிலச் சுருக்கப் பெயரில் 2007இல் வந்த ஐ.சி.சி.பி.ஆர் சட்டம் உரிமையைக் காப்பதற்கென்று வந்து, எழுத்தாளரைக் கைதுசெய்யவும் பயன்பட்டது.

உள்நாட்டில் உள்ள வழி அரசியலமைப்பின் மூன்றாம் அத்தியாயமும் 126ஆவது உறுப்புரையும். அடிப்படை உரிமை மீறப்பட்டால் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். திருகோணமலையிலிருந்து கொழும்புக்குப் போய், சட்டத்தரணி பிடித்து, ஒரு மாதத்துக்குள் மனுப் போடுவது எத்தனை பேரால் முடியும்? அதனால்தான் இதைத் திரும்பத் திரும்பச் சொல்கிறோம்: அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அதன் விசாரணை நடக்கும் காலம் கணக்கில் சேராது என்று 1996ஆம் ஆண்டு 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு சொல்கிறது. ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகம் எங்கள் ஊரிலேயே இருக்கிறது. தமிழில் எழுதிக் கொடுக்கலாம். முறைப்பாட்டு இலக்கத்தை வாங்காமல் வெளியே வராதீர்கள். அதை நம்பி சும்மா இருந்துவிடவும் கூடாது, விசாரணை உண்மையில் நடந்ததா என்று நீதிமன்றம் கேட்கும், ஆகவே சட்டத்தரணி ஒருவரோடும் சீக்கிரம் கதைத்துவிடுங்கள்.

எங்கள் பக்கத்தில் இப்படிக் கணவரின் அரசியலிலிருந்து மனித உரிமைக்கு வந்த பெண்கள் யார்?

கணவரின் இடத்துக்குப் பதவிக்கு வந்தவர்கள் இங்கே அதிகம். கணவர் கொலையுண்ட பிறகு 1960இல் உலகின் முதல் பெண் பிரதமரான சிறிமாவோ பண்டாரநாயக்கவே அப்படி வந்தவர்தான். எலினோரைத் தேர்தலில் நிற்கச் சொல்லிப் பலர் கேட்டும் அவர் நிற்கவே இல்லை.

உரிமைக்காக நிற்க வந்தவர்கள் என்றால் முதலில் அனந்தி சசிதரன். அவருடைய கணவர் எழிலன் விடுதலைப் புலிகளின் திருகோணமலை மாவட்ட அரசியல்துறைப் பொறுப்பாளராக இருந்தவர். 2009 மே 18 அன்று முல்லைத்தீவில் தன் கண் முன்னே கணவர் இராணுவத்திடம் சரணடைந்தார், பிறகு அவரைக் காணவில்லை என்று அனந்தி சாட்சியம் சொன்னார், வவுனியா மேல் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுப் போட்டார். 2013 வட மாகாண சபைத் தேர்தலில் 87,870 விருப்பு வாக்குகள் பெற்று வென்றார். கட்டாய ஆட்சேர்ப்பில் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய்மார் அந்த இயக்கத்தின் மேல் வைத்திருக்கும் கேள்வி அப்படியே இருக்கிறது, அது நியாயமான கேள்வி. சரணடைந்த ஒருவர் எங்கே என்று அவர் மனைவி கேட்பதும் நியாயமான கேள்வி. ஒன்றைச் சொல்லி மற்றதை வாயடைக்க வேண்டியதில்லை.

சந்தியா எக்னெலிகொட சிங்களப் பெண். கணவர் பிரகீத் அரசியல் கேலிச்சித்திரக்காரர், ஜனாதிபதித் தேர்தலுக்கு இரண்டு நாள் முன்பு, 2010 ஜனவரி 24 அன்று காணாமல் ஆக்கப்பட்டார். அன்றிலிருந்து சந்தியா நீதிமன்றமும் தெருவுமாக நிற்கிறார், தமிழ் அம்மாமாரின் போராட்டங்களிலும் வந்து உட்கார்ந்திருக்கிறார்.

அப்புறம் பெயர் தெரியாதவர்கள். எங்கள் வட்டத்துக்கு வரும் அம்மா ஒருவரின் பையில் எப்போதும் ஒரு பொலித்தீன் உறை இருக்கும்: பொலிஸ் முறைப்பாட்டுத் துண்டு, செஞ்சிலுவைச் சங்கக் கடிதம், ஒன்றன்பின் ஒன்றாக வந்துபோன ஆணைக்குழுக்களுக்குக் கொடுத்த மனுக்களின் பிரதிகள், மேலே மகனின் கடவுச்சீட்டு அளவுப் படம். மழை பட்டாலும் நனையாமல் மூலையெல்லாம் செலோடேப் ஒட்டியிருப்பார். எந்தத் தாள் எந்த ஆணைக்குழுவுக்குப் போனது என்று கேட்டால் உறையைத் திறக்காமலே சொல்வார். அவருடைய கணவர் அரசியல்வாதி இல்லை, அவருக்காக யாரும் கதவு திறக்கவில்லை. எலினோருக்குத் திறந்த கதவு எதுவும் இவருக்குத் திறக்காமலே இவர் இவ்வளவு தூரம் வந்திருக்கிறார் என்பதை, எலினோரையும் இவரையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்போது பிள்ளைகள் விளங்கிக்கொள்கிறார்கள்.

திருகோணமலையிலேயே நடந்தவற்றுக்கு நீதி கிடைத்ததா?

2006 ஜனவரி 2 அன்று கடற்கரையில் ஐந்து மாணவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். வழக்கில் இருந்த 13 விசேட அதிரடிப்படையினரையும் 2019 ஜூலையில் திருகோணமலை நீதவான் நீதிமன்றம் சாட்சியம் போதாது என்று விடுவித்தது. சாட்சிகள் பலர் பயத்தில் நாட்டைவிட்டே போய்விட்டார்கள். 2006 ஆகஸ்ட் 4 அன்று மூதூரில் தொண்டு நிறுவன ஊழியர் 17 பேர் கொல்லப்பட்டார்கள், யாரும் தண்டிக்கப்படவில்லை. 1996 பெப்ரவரி 11 அன்று குமாரபுரத்தில் 24 பேர், வழக்கில் இருந்த ஆறு பேரும் 2016இல் அனுராதபுரத்தில் விடுதலை. பிரகடனத்தின் 8ஆவது உறுப்புரை, உரிமை மீறப்பட்டவருக்கு நாட்டின் நீதிமன்றங்களில் பயனுள்ள நிவாரணம் கிடைக்க வேண்டும் என்கிறது.

எங்கிருந்து வாசிக்கத் தொடங்கலாம்?

பிரகடனத்திலிருந்தே. தமிழில் இருக்கிறது, ஐ.நா மனித உரிமை அலுவலகத்தின் இணையப் பக்கத்தில் இலவசமாகக் கிடைக்கிறது, 30 உறுப்புரைகள்தான். மொழிபெயர்ப்பு சில இடங்களில் கடினமாக இருக்கும், சத்தமாக வாசித்தால் பாதி கடினம் போய்விடும். தனியாக வாசிக்காமல் நாலு பேர் சேர்ந்து வாசியுங்கள். ஒவ்வொரு உறுப்புரைக்கும் பிறகு நிறுத்தி, இது நம் தெருவில் யாருக்கு நடந்தது என்று கேளுங்கள். 9ஆவது உறுப்புரையில், யாரையும் தான்தோன்றித்தனமாகக் கைதுசெய்யவோ தடுத்து வைக்கவோ கூடாது என்ற இடத்தில், நேரம் போவது தெரியாது. அதற்கென்று ஒரு மாலையை ஒதுக்கி வையுங்கள்.